சம்பிரதாயத்துக்கு ஒரு சிரிப்பு

1986 ஆகஸ்ட் 11

மயிலாப்பூர் தொண்டை டாக்டர் என்னை வாயை மூடிக்கொண்டிருக்கச் சொல்லிவிட்டார். ஐம்பத்தெட்டு வயசில் முதல் தடவையாக ஓர் ஆண்பிள்ளை சொல்லி நான் கேட்கப் போகிறேன். பேசாமல் இருந்தால் எனக்கு மண்டை வெடித்துவிடும். அதனால்தான் இந்த டைரி. சாருமதிக்கு ஆபீசில் கொடுத்தது, ஜனவரியிலிருந்து ஒரு எழுத்துகூட விழாமல் கிடந்தது. என் மகள் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை பார்க்கிறாள். நாள் முழுக்க ஊரார் குரலைக் காதில் வாங்கிவிட்டு வருகிறவளுக்கு, வீட்டில் என் குரல் குறைந்தால் நிம்மதியாகத்தான் இருக்கும்.

டாக்டர் சின்னக் கண்ணாடியைத் தொண்டைக்குள் விட்டுப் பார்த்தார். கையைக் கழுவினார். பிறகு அடையாறு ஆஸ்பத்திரிக்கு ஒரு சீட்டு எழுதிக் கொடுத்தார். "தனியாவா வந்தீங்க? அடுத்த தடவை யாரையாவது கூட்டிட்டு வாங்கம்மா" என்றார்.

தொண்டைக் கட்டுக்கு எதற்குத் துணை? சீட்டை இந்த டைரியின் பின்னட்டைக்குள் செருகியிருக்கிறேன். வரும் வழியில் சித்தரத்தையும் பனங்கற்கண்டும் வாங்கினேன்.

ஆகஸ்ட் 14

தேவநாதன் வந்தான். கார் சத்தம் கேட்டு எதிர்வீட்டுக்காரி ஜன்னலைத் திறந்தாள். திறக்கட்டும்.

எங்கள் நாடகக் கம்பெனியில் படுதாவுக்குப் பக்கத்தில் நோட்டைப் பிடித்துக்கொண்டு நின்று, நடிகர்களுக்கு வசனம் எடுத்துக் கொடுத்தவன் இவன். இன்றைக்கு ஆறு படம் டைரக்ட் செய்துவிட்டான். வந்ததும் என் காலைத் தொட்டான். சினிமாவில் உருப்பட்ட பிறகும் காலைத் தொடுகிறவன் இவன் ஒருத்தன்தான்.

"அக்கா, 'வாசலில் நின்றவள்' திரும்ப எடுக்கப் போறேன். மதிவாணன்தான் ஹீரோ. அம்மா வேஷம் உங்களுக்கு."

காபி டம்ளரைக் கீழே வைத்துவிட்டேன்.

"மண்டப சீன்?"

"ஒரு வரி குறைக்காம. மூணு பக்கமும். டப்பிங்கும் நீங்களேதான் பேசறீங்க."

அந்தக் காட்சியை நான் எழுதித்தான் ஆகவேண்டும். பெரிய இடத்தில் சம்பந்தம் கிடைத்த மகன், தன் கல்யாண மண்டபத்து வாசலில் வந்து நிற்கும் தாயைப் பார்த்து "யாரும்மா நீங்க?" என்பான். அதற்குப் பிறகு அவள் பேசுகிற மூன்று பக்க வசனம். கதாநாயகி வேஷக்காரி கிழவியாக நிற்கமாட்டேன் என்று அடம்பிடித்ததால், இருபத்தாறு வயசில் தலையில் வெள்ளை மாவைத் தடவிக்கொண்டு நான் நின்றேன். பிறகு ஆறு வருஷம் ஊர் ஊராக நின்றேன். தனபாக்கியம் என்ற பெயர் போஸ்டருக்கு ஆகாது என்று எங்களுக்கு நடிப்புச் சொல்லிக்கொடுத்த வாத்தியார் வைத்த மோகனவல்லி என்ற பெயர் அந்தக் காட்சியால்தான் நின்றது.

நாடகத்தைப் படமாக எடுத்தபோது வடக்கேயிருந்து ஓர் அம்மாளைக் கொண்டுவந்தார்கள். அவளுக்குத் தமிழில் தண்ணீர் கேட்கக்கூடத் தெரியாது. முகம் அவளுடையது, குரல் என்னுடையது. ஊரே அழுதது, அவளைப் பார்த்து. அதிலிருந்து இருபது வருஷம் யார் யாருடைய வாயசைப்புக்கோ நான் பேசினேன். என் முகம் திரையில் வந்ததெல்லாம் பக்கத்து வீட்டுக்காரி, கோயில் கூட்டம். ஒரு படத்தில் மட்டும் "காபி ஆறிடப் போவுது" என்று சொல்லியிருக்கிறேன்.

என் முகமும் என் குரலும் சேர்ந்து ஒரு காட்சி. ஒன்றே ஒன்று போதும். நான் பேராசைக்காரி இல்லை.

ஆகஸ்ட் 19

அடையாறு போய்வந்தேன். தனியாகத்தான்.

தொண்டைக்கு மிஷினில் கரண்ட் வைக்க வேண்டுமாம். ஆறு வாரம். அந்த ஆறு வாரமும் அதற்குப் பிறகு கொஞ்ச நாளும் குரல் சுத்தமாகக் கம்மிப் போகுமாம், அப்புறம் திரும்பி வந்துவிடுமாம். இப்போதே ஆரம்பித்தால் வருமாம். எனக்குச் சொன்னது ஒரு சின்ன வயசு டாக்டரம்மா. மூக்கும் முழியுமாக இருந்தாள்.

"தீபாவளி கழிச்சு வரட்டுமா?" என்று கேட்டேன்.

"அதுவரைக்கும் இது உங்களுக்காகக் காத்துக்கிட்டு இருக்காதும்மா."

"எனக்கு ஷூட்டிங் இருக்கு. அப்புறம் டப்பிங் பேசணும்."

அவள் பேனாவை மூடிவிட்டு என்னையே பார்த்தாள். அவளுக்கு என்ன தெரியும்? அவள் பிறந்த வருஷம் நான் திருச்சியில் மைக் இல்லாமல் கடைசி பெஞ்சு வரைக்கும் பேசிக்கொண்டிருந்தேன்.

சாருவிடம் தொண்டையில் புண், மாத்திரை கொடுத்திருக்கிறார்கள் என்று சொன்னேன். அவரைக்காய் நறுக்கிக்கொண்டே "ம்" என்றாள்.

ஆகஸ்ட் 23

மாவு புளித்துப் போயிற்று. இன்றைக்குக் குரல் பரவாயில்லை.

ஆகஸ்ட் 28

இன்றைக்கு நன்றாக இல்லை. வசனத்தை உதட்டால் மட்டும் பேசிப் பார்த்தேன். ஒரு வரிகூட மறக்கவில்லை.

செப்டம்பர் 2

இன்றைக்கு மாதிரி ஒரு நாள் எனக்கு வந்து எத்தனை வருஷமாகிறது!

மண்டபத்து செட்டில் வேறு காட்சி எடுத்துக்கொண்டிருந்தார்கள். மத்தியானம் நம் சீனுக்கு ஓர் ஒத்திகை பார்த்துவிடலாம் என்று தேவநாதன் கம்பெனி காரை அனுப்பியிருந்தான். சேலைகூட மாற்றவில்லை, வீட்டுப் புடவையோடு போய் நின்றேன்.

எங்கள் வாத்தியார் ஒரு விதி வைத்திருந்தார். ஒத்திகையில் கால் குரல்தான். மிச்சத்தை உள்ளே பூட்டி வைத்துக்கொள்ள வேண்டும். முழுசாகக் கொட்டினால் பிரம்பால் அடிப்பார். முப்பது வருஷத்தில் ஒரு நாள்கூட நான் அந்த விதியை மீறினதில்லை.

இன்றைக்கு மீறினேன். காலையில் குளிக்கும்போதே குரல் மணியாக வந்தது. பத்து நாளாக வராதது வந்திருக்கிறது. நாளைக்கு இருக்குமா என்று யார் கண்டார்கள்? இருக்கும்போது ஒரு தடவை நானாவது கேட்டுவிடுகிறேன் என்று தோன்றியது.

பேசினேன். முதல் பக்கம் முடிவதற்குள் ஃப்ளோரில் சத்தமே இல்லை. தச்சுவேலை ஆட்கள் சுத்தியலைக் கீழே வைத்துவிட்டார்கள். டச்சப் செய்கிற பெண் மூக்கை உறிஞ்சினாள். இரண்டாம் பக்கத்தில் நான் நிறுத்துகிற இடத்தில் மதிவாணன் மறுபடியும் "யாரும்மா நீங்க?" என்று கேட்க வேண்டும். அவன் கேட்கவில்லை. வாயைப் பிளந்துகொண்டு என்னையே பார்த்துக்கொண்டு நின்றான்.

அப்போது பக்கவாட்டிலிருந்து தேவநாதன், பழைய பழக்கம் எங்கே போகும், கையை வாய்ப்பக்கம் வைத்துக்கொண்டு அடிக்குரலில் "யாரும்மா நீங்க" என்று எடுத்துக் கொடுத்தான்.

மேலே பலகையில் உட்கார்ந்திருந்த லைட்மேன்கள் ஓவென்று சிரித்துவிட்டார்கள். ஒருத்தன் "அண்ணனுக்கே வசனம் எடுத்துக் குடுக்கறாங்கடோய்!" என்றான். மதிவாணனும் சிரித்தான். கூடவே நானும் சிரித்தேன். கடைசி வரி முடிந்ததும் மேலேயிருந்து கைதட்டல்.

மதிவாணனுக்குத் தலைவலி என்று சீக்கிரம் பேக்கப் செய்துவிட்டார்கள். நல்ல தம்பி. போகும்போது "நீங்க மலைம்மா" என்று கும்பிட்டுவிட்டுத்தான் போனான். அடுத்த வாரம் டேக்.

சாருவிடம் சொன்னேன். "அப்படியா" என்றாள். அவள் பிறந்ததிலிருந்து எனக்குக் கிடைத்த கைதட்டல் எல்லாம் அவளுக்கு "அப்படியா"தான்.

செப்டம்பர் 9

கம்பெனியிலிருந்து ஆள் வரவில்லை. வற்றல் காயப்போட்டேன்.

செப்டம்பர் 13

போன் செய்தேன். தேவநாதன் வெளியே போயிருக்கிறானாம்.

செப்டம்பர் 16

தேவநாதன் வெளியே போயிருக்கிறானாம். ஆறு படம் எடுத்தவனுக்கு அலைச்சல் இருக்கும்தானே.

செப்டம்பர் 25

சாரு போன் பில்லைத் தேடப் போய் இந்த டைரியின் பின்னட்டையில் இருந்த சீட்டை எடுத்துவிட்டாள். எழுதினதைப் படித்தாளா என்று தெரியவில்லை. சீட்டே போதுமாக இருந்தது.

"என்னம்மா இது?"

"சும்மா பார்த்துட்டு வரச் சொன்னாரு."

"அடையாறுக்குச் சும்மா யாராவது போவாங்களா? எனக்கு இங்கிலீஷ் படிக்கத் தெரியும்மா. கேன்சர்னு எழுதியிருக்கு. தேதி ஆகஸ்டு பதினொண்ணு. ஒன்றரை மாசம் எங்கிட்ட மறைச்சிருக்கே."

இந்த வார்த்தையை நான் இதில் எழுதாமலே வைத்திருந்தேன். இப்போது எழுதியாகிவிட்டது.

"சீன் எடுத்து டப்பிங் முடிஞ்ச மறுநாளே வந்துடறேன்டி. சத்தியமா. இடையில கரண்ட் வெச்சா குரல் கம்மிடும். அப்புறம் வேற யாரையாவது பேசவெச்சிடுவாங்க."

"யாருக்காகம்மா இந்தக் குரல்?" என்று கேட்டாள். அவள் கத்தவில்லை. கத்தியிருந்தால் பதிலுக்குக் கத்தியிருப்பேன். "என்னைக் கும்மோணத்துல பெரியம்மா வீட்டுல விட்டுட்டு நீ ஊர் ஊராப் போனே. எனக்குத் தாலாட்டுப் பாடினியா இந்தக் குரல்ல? பெரியம்மா ரேடியோ நாடகத்தைப் போட்டுவிட்டு, 'உங்கம்மா பேசறா கேளு'ம்பாங்க. நீ அதுல வேற யாரோ ஒரு பொண்ணை 'கண்ணே'ன்னு கூப்பிட்டுட்டு இருப்பே."

அப்பன் என்று ஒருத்தன் ஒழுங்காக இருந்திருந்தால் நான் ஏன் அவளை விட்டுவிட்டுப் போகிறேன்? அவள் அப்பா எங்கள் கம்பெனியில் ஆர்மோனியம் வாசித்தவர். கம்பெனி கலைந்தபோது அவரும் கலைந்துவிட்டார். இதைச் சொல்ல வாயெடுத்தேன், தொண்டை அடைத்துக்கொண்டது. இருமினேன். சாரு தண்ணீர் கொண்டுவந்து வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

செப்டம்பர் 29

நான்கு நாளாகச் சாரு என்னோடு பேசவில்லை. டாக்டர் எனக்குச் சொன்ன மௌனத்தை அவள் அனுஷ்டிக்கிறாள்.

அக்டோபர் 6

கம்பெனியிலிருந்து ப்ரொடக்ஷன் மேனேஜர் வந்தார். நாளை மறுநாள் எனக்கு ஷூட்டிங். ஆனால் மண்டப சீன் இல்லை, சாவு சீன். தாய் இறந்துபோய், மகன் ஓடிவந்து மேலே விழுந்து அழுகிற இடம். பங்களா அன்றைக்குத்தான் கிடைத்ததாம்.

"அப்போ வசனம்?"

"அது அடுத்த ஷெட்யூல்ல வரும்மா."

முதலில் செத்துவிட்டு அப்புறம் பேச வேண்டும். சினிமாவில் இது சகஜம்தான். சாருவிடம் போய், "நாளன்னைக்குப் பிணமா நடிக்கப் போறேன், வெள்ளை ரவிக்கை எங்கே?" என்று கேட்டேன். பேசாமல் எடுத்துக் கொடுத்தாள். அடுக்களைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

அக்டோபர் 8

மறக்காமல் எல்லாவற்றையும் எழுதிவிட வேண்டும்.

அரும்பாக்கம் தாண்டி ஒரு பழைய பங்களா. கூடத்தில் கட்டிலைப் போட்டு என்னைப் படுக்கவைத்தார்கள். மூக்கில் பஞ்சு, நெற்றியில் ஒற்றைக்காசு, தாடையைச் சேர்த்துத் தலைக்கு மேல் முடிச்சுப் போட்ட வாய்க்கட்டு, கழுத்தில் ரோஜா மாலை. சுற்றிலும் ஒப்பாரிக்கு வந்த துணை நடிகைகள். அவர்களில் ஒருத்தி என்னோடு கோயில் கூட்டத்தில் நின்றவள். "யக்கா, நல்லா வெயிட்டான வேசம்தான்" என்று காதில் சொல்லிவிட்டு மார்பில் அடித்துக்கொள்ளப் போனாள்.

தேவநாதன் என் பக்கமே வரவில்லை. காமெராவுக்குப் பின்னால் நின்று கத்திக்கொண்டிருந்தான்.

முதலில் தூரத்து ஷாட். மதிவாணன் வாசலிலிருந்து ஓடிவந்து என் மார்பில் முகம் புதைத்து அழ வேண்டும். காமெராவுக்கு அவன் முதுகும் குலுங்குகிற தோளும்தான் தெரியும். நம் படங்களுக்குச் சத்தமெல்லாம் பிறகு சேர்ப்பதுதான், அதனால் டேக் ஓடும்போது யார் என்ன பேசினாலும் கவலையில்லை. ஒரு ஹீரோ இப்படி அழுதுகொண்டே மேனேஜரிடம் மத்தியானச் சாப்பாட்டுக்கு நண்டு சொன்னதை நானே பார்த்திருக்கிறேன்.

"ஸ்டார்ட்" என்றார்கள். ஓடிவந்தான். விழுந்தான். தோள் குலுங்கியது.

"அம்மா, கேக்குதா?" என்றான், என் கழுத்துக்குப் பக்கத்தில்.

பிணம் என்ன பதில் சொல்லும்?

"தப்பா எடுத்துக்காதீங்கம்மா. அந்த மண்டப சீன் இல்லம்மா. செட்டைப் பிரிச்சு ரெண்டு வாரமாச்சு. அந்த வசனத்தை லெட்டரா மாத்திட்டாங்க. நீங்க செத்ததுக்கு அப்புறம் நான் எடுத்துப் படிக்கற மாதிரி." தோள் குலுங்கிக்கொண்டே இருந்தது. "டைரக்டருக்கு உங்ககிட்ட சொல்ல மனசு வரல. நேர்ல சொல்ல எனக்கும் தைரியமில்ல. அதான் இப்போ சொல்றேன்."

நான் மூச்சை அடக்கிக்கொண்டிருந்தேன்.

"உங்க முன்னாடி நின்னா நான் காணாமப் போயிடுவேம்மா. அன்னிக்கு அத்தனை லைட்மேன் முன்னாடி எனக்கு வசனம் எடுத்துக் குடுத்தாங்க. பதினாலு வருஷம் கஷ்டப்பட்டு வந்திருக்கேம்மா. மன்னிச்சிடுங்க."

அவன் கண்ணிலிருந்து விழுந்தது என் தொண்டையின் மேலேயே விழுந்து பிடரிக்கு ஓடியது. கிளிசரின் கண்ணீர்தான். நிஜமானதாக இருந்தாலும் எனக்கு அதனால் என்ன?

இமை அசையவில்லை, நெஞ்சு ஏறி இறங்கவில்லை. நான் அசைந்திருந்தால் ஷாட் கெட்டுப் போயிருக்கும். எழுந்து உட்கார்ந்து அவன் கன்னத்தில் ஓர் அறை விட்டிருக்கலாம், இன்றைக்கும் ஊரில் பேசிக்கொண்டிருப்பார்கள். எனக்கு அது தோன்றவே இல்லை. ஷாட் கெடக்கூடாது என்பது மட்டும்தான் தோன்றியது. இந்தப் புத்தியை எங்கே போய்ச் செருப்பால் அடிப்பது?

"கட்" என்றான் தேவநாதன். "ஓகே."

"இன்னா பொணம்டா!" என்று யாரோ பாராட்டினார்கள்.

அதற்குப் பிறகு சம்பிரதாயம். பிணமாக நடித்தவர்கள் அப்படியே எழுந்து வீட்டுக்குப் போகக்கூடாது. பஞ்சை எடுத்துவிட்டு, கட்டை அவிழ்த்துவிட்டு, காமெராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். அதையும் ஒரு ஷாட்டாக எடுப்பார்கள். தோஷம் கழிவதற்காக. படத்தில் வராது, பெட்டியிலேயே கிடந்து வீணாகும்.

தேவநாதன் இப்போதுதான் பக்கத்தில் வந்தான். என் முகத்தைப் பார்க்காமல் தலையணையைப் பார்த்துக்கொண்டு, "அக்கா, சம்பிரதாயம்... கொஞ்சம் சிரிச்சிடுங்க" என்றான்.

வாய்க்கட்டை நானே அவிழ்த்தேன். எழுந்து உட்கார்ந்தேன். அன்றைக்குக் கால் குரலில் ஒத்திகை பார்த்துவிட்டு வந்திருந்தால் மண்டப சீன் நடந்திருக்கும். வாத்தியார் பிரம்பை வைத்துக்கொண்டு சொன்னதுதான். நல்லா வேணும்டி மோகனவல்லி என்று நினைத்தேன்.

சிரிப்பு வந்தது. நான் வரவழைக்கவில்லை. கண்ணில் நீர் முட்ட, தோள் குலுங்க, நிற்காமல் வந்தது. எதிரே காமெராவுக்குப் பக்கத்தில் மதிவாணன் நின்றுகொண்டிருந்தான், அவனைப் பார்த்து, தேவநாதனைப் பார்த்து, சோற்றுப் பொட்டலத்துக்கு வரிசையில் நின்ற ஒப்பாரிக்காரிகளைப் பார்த்துச் சிரித்தேன். காமெராமேன் "போதும்மா, போதும்" என்றார்.

சிரித்ததில் சத்தம் வரவில்லை. வெறும் காற்றுதான் வந்தது. அதை யாரும் கவனிக்கவில்லை.

அக்டோபர் 9

சாருவோடு அடையாறு போனேன். வழி முழுக்க என் கையைப் பிடித்துக்கொண்டு வந்தாள். பஸ்சில் கூட்டம்.

அக்டோபர் 21

பரிசோதனை எல்லாம் முடிந்தது. கரண்ட் இனிமேல் போதாதாம். குரல்வளையையே எடுத்துவிட வேண்டுமாம். கழுத்தில் ஓட்டை போட்டு அது வழியாக மூச்சு. அதே சின்ன வயசு டாக்டரம்மாதான் சொன்னாள். "ஆகஸ்டிலேயே கரண்ட் வெச்சிருந்தா" என்று ஆரம்பித்துவிட்டு, சாருவின் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டாள்.

நிறுத்தாமல் சொல்லியிருக்கலாம். எனக்கு முழு வசனமும் கேட்டுத்தான் பழக்கம்.

நவம்பர் 1

தீபாவளி. எண்ணெய் வைத்தாள் சாரு. எதிர்வீட்டுக்காரி லேகியம் கொடுத்துவிட்டாள்.

நவம்பர் 4

நாளை ஆபரேஷன். மத்தியானம் சாரு சிநேகிதி வீட்டிலிருந்து ஒரு டேப் ரிக்கார்டர் வாங்கிக்கொண்டு வந்தாள். கட்டிலில் என் எதிரே வைத்துப் பொத்தானை அழுத்தினாள்.

"பேசும்மா."

"எதை?"

"மண்டப சீனை. மூணு பக்கமும்."

நாடகம் என்றாலே முகத்தைத் திருப்பிக்கொள்கிற என் மகள்! நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். முதல் வரியில் பாதி வந்தது. அதற்கு மேல் காற்று. தொண்டையைச் செருமிவிட்டு மறுபடி ஆரம்பித்தேன். காற்று. மூன்றாம் தடவையும் அப்படித்தான். டேப் சுற்றிக்கொண்டே இருந்தது. சாரு கண் கொட்டாமல் காத்துக்கொண்டிருந்தாள்.

"சாரு, அதை நிறுத்திடு" என்றேன்.

அந்த மூன்று வார்த்தையும் நன்றாகவே பதிந்திருக்கிறது.

நவம்பர் 30

வீட்டுக்கு வந்தாகிவிட்டது. சாரு ஒரு சிலேட்டும் ஒரு டப்பா பலப்பமும் வாங்கி வைத்திருக்கிறாள். எழுதினதைப் புடவைத் தலைப்பால் அழிக்காதே என்று ஒன்றாங்கிளாஸ் டீச்சர் மாதிரி திட்டுகிறாள்.

டிசம்பர் 12

தினமும் நான்கு மணிக்குச் சாரு எக்ஸ்சேஞ்சிலிருந்து போன் செய்கிறாள். நான் ரிசீவரை எடுத்து விரலால் ஒரு தட்டுத் தட்டினால் நலம். இரண்டு தட்டு என்றால் உடனே வா. இன்றைக்கு ஒரு தட்டு. அவள் உடனே வைக்கவில்லை. "சாப்பிட்டியா? மாத்திரை போட்டியா? வெயில்ல நிக்காதே" என்று தன்பாட்டுக்குப் பேசிக்கொண்டே இருந்தாள். இவ்வளவு பேசுவாள் என்று எனக்குத் தெரியாது.

1987 ஜனவரி 16

டைரி டிசம்பரோடு முடிந்தது. முன்னால் ஜனவரிப் பக்கங்கள் காலியாக இருக்கின்றனவே, வருஷத்தை மட்டும் திருத்திக்கொண்டு அதிலேயே எழுதுகிறேன்.

பொங்கலுக்குப் படம் வந்துவிட்டது. இன்றைக்கு லீவு போட்டுவிட்டுச் சாரு என்னைப் பகல் காட்சிக்குக் கூட்டிக்கொண்டு போனாள். நான் வரமாட்டேன் என்று சிலேட்டில் எழுதினேன், அழித்துவிட்டாள். கழுத்தை மறைக்கத் துப்பட்டா மாதிரி ஒன்றைச் சுற்றிவிட்டாள்.

பிணமாக வந்தேன். நன்றாகத்தான் படுத்திருக்கிறேன். மாலை போட்ட படமாகச் சுவரில் இரண்டு இடத்தில் வந்தேன். மதிவாணன் கடிதத்தை எடுத்துப் பிரித்தான். என் வசனத்தை அவன் குரலில் படித்தான். நான் எத்தனையோ பேர் முகத்துக்குக் குரல் கொடுத்தவள். என் வார்த்தைக்கு வேறொருத்தன் குரல் கொடுக்கிறதை இன்றைக்குத்தான் உட்கார்ந்து கேட்டேன். மூச்சு விடுகிற இடமெல்லாம் தப்பு.

கடைசி வரியில் அவன் நிமிர்ந்து பார்க்கிறான். உடனே திரை முழுக்க என் முகம். சிரிக்கிறேன். கண்ணில் நீர் முட்ட, தோள் குலுங்க, சத்தமே இல்லாமல் சிரிக்கிறேன். பின்னால் வயலின்.

அந்தச் சம்பிரதாய ஷாட்டை எடுத்துப் போட்டிருக்கிறான். செய்த துரோகத்தையெல்லாம் மன்னித்து மகனைப் பார்த்துத் தாய் சிரிக்கிறாளாம்.

கொட்டகையில் ஒரு இருமல் சத்தம்கூட இல்லை. அப்புறம் பெண்கள் பக்கத்திலிருந்து விசும்பல். அப்புறம் கைதட்டல், விசில், எல்லாம். நான் மண்டப சீனில் வாங்கினதைவிட அதிகம். சாரு என் கையை இறுக்கிப் பிடித்திருந்தாள். அவளும் அழுதுகொண்டிருந்தாள்.

வெளியே வரும்போது ஒரு பெண் என்னை அடையாளம் கண்டுகொண்டாள். "அம்மா, நீங்கதானே? ஒரே ஒரு வார்த்தை பேசுங்கம்மா" என்று கையைப் பிடித்துக்கொண்டாள். நான் சிரித்தேன். அவளுக்கு அதுவே போதுமாக இருந்தது.

ஜனவரி 18

தேவநாதன் வந்தான். காலைத் தொட்டான். கழுத்தைப் பார்த்துவிட்டு உட்கார முடியாமல் உட்கார்ந்தான்.

"எனக்கு எதுவுமே தெரியாதுக்கா. சொல்லியிருந்தீங்கன்னா..." என்றான். பிறகு அவனே, "மூணு பக்க வசனம் சொல்லாததை அந்த ஒரு சிரிப்பு சொல்லிடுச்சுக்கா. எடிட்டிங்ல பார்த்து நானே அழுதுட்டேன். எல்லாப் பத்திரிகையிலயும் அதைத்தான் எழுதறாங்க. நாலஞ்சு கம்பெனில உங்களைக் கேக்கறாங்க. நீங்க வரக்கூட வேண்டாம். அந்தச் சிரிக்கற ஸ்டில்லைக் குடுத்தாப் போதும், மாலை போட்டுச் சுவத்துல மாட்டிக்குவாங்க" என்றான்.

நான் சிலேட்டை எடுத்து எழுதி அவன் பக்கம் திருப்பினேன்.

"யாருப்பா நீ?"

படித்தான். முப்பது வருஷத்துக்கு முன்னால் அவன் நோட்டுப் பார்த்து எடுத்துக் கொடுத்த வசனம், அவனுக்குத் தெரியாதா? முகம் சுண்டிப் போய் எழுந்து நின்றான். காபி குடிக்காமலே போய்விட்டான். டம்ளரில் ஆறிப்போய் ஆடை கட்டியிருந்ததை நானே குடித்தேன்.

ஜனவரி 19

நான்கு மணி போன் வரவில்லை. சாருவே நேரில் வந்துவிட்டாள், அரை நாள் லீவு போட்டுக்கொண்டு. எக்ஸ்சேஞ்சில் எல்லோரும் படம் பார்த்துவிட்டார்களாம். "உங்கம்மாவா? உங்கம்மாவா?" என்று கேட்டுப் பிடுங்கி எடுத்துவிட்டார்களாம். செருப்பைக்கூடக் கழற்றாமல் என் எதிரே தரையில் உட்கார்ந்தாள். முப்பத்திரண்டு வயசுக்காரி. கும்பகோணத்தில் என் பெட்டியின்மேல் ஏறி உட்கார்ந்துகொண்டு போகாதே என்று அழுததைப் பார்த்த பிறகு, இந்த முகத்தை நான் இவ்வளவு கிட்டத்தில் பார்த்ததில்லை.

"அம்மா, ஒண்ணு கேக்கறேன், நிஜத்தைச் சொல்லு. அந்தச் சிரிப்பு... அப்போ நீ யாரை நினைச்சே?"

நிஜம் இந்த டைரியில் அக்டோபர் எட்டாம் தேதிப் பக்கத்தில் இருக்கிறது. அங்கே மதிவாணன் இருக்கிறான், தேவநாதன் இருக்கிறான், வாத்தியாரின் பிரம்பு இருக்கிறது, சோற்றுப் பொட்டலம்கூட இருக்கிறது. அவள் இல்லை. அந்த நேரத்தில் எனக்கு என் மகள் ஞாபகமே வரவில்லை. எந்த ஊர் மேடையிலும் வந்ததில்லை.

சிலேட்டை எடுத்து "உன்னைத்தான்" என்று எழுதினேன்.

அவள் அதை இரண்டு தடவை படித்தாள். நான் அழிப்பதற்காகத் தலைப்பை எடுத்தேன். வெடுக்கென்று சிலேட்டைப் பிடுங்கிக்கொண்டாள். எழுத்தில் கை படாமல் ஓரத்தைப் பிடித்து எடுத்துக்கொண்டு போய், பீரோவுக்கு மேலே சுவரோடு சாய்த்து நிற்கவைத்துவிட்டாள். அதைத் தொடக்கூடாதாம்.

நாளைக்கு எனக்கு வேறு சிலேட்டு வாங்க வேண்டும்.